அரை நாள்

"கடைசியாக உயிரோடு பார்த்த நாள்" என்பதற்கு நேராக
படிவத்தில் விட்டிருந்த கட்டம்
என் சுண்டுவிரல் அகலம்கூட இல்லை.

ஷமீலா மேடம் சேலத்திலிருந்து
முதல் பஸ்ஸில் வந்திருந்தார்.
இருபது கொண்டை ஊசி வளைவும்
முகத்தில் இருந்தது.
பையிலிருந்து ஒரு குப்பி, குப்பியில் பஞ்சு,
பஞ்சின் மேல் மிளகளவு ஓடு.
"இந்த நத்தை இந்த ஓடையில் மட்டும்தான் இருந்தது, செல்லாயி.
உலகத்தில் வேறெங்கும் இல்லை."

உலகத்தை நான் பார்த்ததில்லை.
ஓடையைப் பார்த்திருக்கிறேன்.
நாகலூர் ரோட்டுக்குக் கீழே, பல்பர் ஷெட்டின் பின்னால்,
காப்பித்தோல் ஊறிய தண்ணீர்
புளித்துப் பழுப்பேறி
மார்கழியிலிருந்து மாசி வரை இறங்குகிற இடம்.

அது என் பூட்ஸில் ஒட்டியிருந்தது.
தொட்டி கழுவி ஏறும்போது,
கறுப்பு ரப்பரில் ஒரு கறுப்புப் புள்ளி.
அட்டை என்று நினைத்து நகத்தால் நெம்பினேன்.
அட்டை என்றால் நெளியும்.
இது கதவைச் சாத்திக்கொண்டது.
அத்தனை சின்னக் கதவு.
சுண்டிவிட்டேன்.
தண்ணீரில் விழுந்ததா சிமென்டிலா,
சத்தம் கேட்கிற எடையில்லை அதற்கு.

"தேதி?" என்றார் மேடம்.
"தேதி இருந்தால் சாட்சி.
இல்லாவிட்டால் ஞாபகம், அவ்வளவுதான்."

தேதியை யார் பார்த்தது.
அன்றைக்கு பல்பர் பெல்ட் அறுந்தது.
பத்தரைக்கெல்லாம் மிஷின் நின்றுவிட்டது.
பெல்ட் அறுந்தது என் தப்பா என்று
ரைட்டர் செபஸ்தியானிடம் கத்தினேன்.
அவர் தலை நிமிராமல்
அரை நாள் போட்டார்.

ஆபீஸ் பீரோவில் பழைய மஸ்டர் கட்டு இன்னும் கிடந்தது.
கரையான் ஓரத்தையெல்லாம் தின்றுவிட்டு
எங்கள் பெயர்களைத் தொடாமல் விட்டிருந்தது.
விரல் வைத்து இறங்கினோம்.
கோடு, கோடு, கோடு,
ஞாயிறுக்கு வெற்றிடம், மறுபடி கோடு.
ஒரு கட்டத்தில் மட்டும்
பாதி கோடு.
இரண்டாயிரத்து ஒன்பது, ஜனவரி இருபத்துமூன்று,
வெள்ளிக்கிழமை.
நாற்பத்தைந்து ரூபாய் குறைந்த நாள்.

மேடம் இரண்டு தடவை படம் எடுத்தார்.
முதல் படத்தில் கை ஆடிவிட்டதாம்.
பிறகு என் பெயரைத் தகப்பன் பெயரோடு கேட்டு
எழுத்துக்கூட்டி எழுதினார்.
ரேஷன் கார்டில்கூட இவ்வளவு சரியாக இல்லை.

நான் ஒன்று கேட்டேன்.
அந்த வெள்ளிக்கிழமைக்கு அப்புறமும்
அது அங்கேயே இருந்திருக்கலாமே,
சனிக்கிழமை, திங்கட்கிழமை,
யாருடைய பூட்ஸிலும் ஏறாமல்?
"இருந்திருக்கலாம்," என்றார்.
"அதை எந்தக் கட்டத்தில் எழுதுவேன்?"

சாயங்கால பஸ் போன பிறகு
பூட்ஸைக் கழற்றிக் கரையில் வைத்துவிட்டு
வெறுங்காலோடு ஓடையில் இறங்கினேன்.
குளிர் முழங்கால் வரை ஏறியது.
மூன்று கல் புரட்டினேன்.
மூன்றையும் இருந்தபடியே திருப்பி வைத்தேன்.
நாலாவதைப் புரட்டவில்லை.