மூன்றில் ஒன்று

பாலக்கோடு முன்சீப் கோர்ட்டிலிருந்து
பழுப்பு உறை வந்த அன்று
தபால் ஏட்டில் நான்தான் ஒப்பமிட்டேன்.
நிறைவேற்று மனு எண், முத்திரை,
எதிர்மனுதாரரின் சம்பளத்தில்
மாதாமாதம் பிடித்து அனுப்புக.
எதிர்மனுதாரர்
வெளியே யூனியன் ஆபீஸ் ஜீப்பின் கண்ணாடியை
பழைய தினசரியால் துடைத்துக்கொண்டிருந்தார்.

கணக்கு சுலபம்.
முதல் ஆயிரத்தைத் தொடக்கூடாது,
மிச்சத்தை மூன்றாக வகு.
இரண்டு பங்கு முனிரத்தினத்துக்கு
ஒரு பங்கு கோர்ட்டுக்கு.
முப்பத்துநாலாயிரத்தில் பதினோராயிரம்.
இவ்வளவு சுத்தமாக ஒரு கணக்கு
இந்த மேஜைக்கு வந்ததேயில்லை.

பணம் மாதம்மாளுடையது.
தொப்பூர் கணவாயில் லாரிக்கடியில் போன மகனுக்கு
ஒரு கோர்ட் கொடுத்த நஷ்டஈடு.
அதை வாங்கித்தான் முனிரத்தினம் போர் போட்டார்.
ஆயிரத்து இருநூறு அடியில்
வெள்ளைப் புழுதி எழுந்து
பக்கத்துத் தோட்டத்துத் தக்காளிக்கெல்லாம்
மாவு பூசிவிட்டு அடங்கியது.

புரோநோட்டில் ஸ்டாம்பின்மேல் அவர் கையெழுத்து.
கீழே, சாட்சி இரண்டு: நான்.
கூண்டில் ஏறி
"ஆமாங்க, என் கையெழுத்துதான்" என்றேன்.
வேறென்ன சொல்ல.
அதற்கப்புறம் எனக்கு டீ வாங்கி வருவதை நிறுத்தினார்.
ஜீப் சாவியை மேஜையில் வைக்கும் சத்தம் மட்டும்
கொஞ்சம் பலத்தது.

மாதம் இருபதானால் களஞ்சியம் திறப்பேன்.
சம்பள மென்பொருளுக்கு அந்தப் பெயர் வைத்தவர்
குதிருக்குள் கைவிட்டு
அடியைத் தட்டிப் பார்த்தவராக இருக்க முடியாது.
இன்கிரிமென்ட் ஏறிய மாதம்
முதன்முதலாக வந்து நின்றார்.
"இதுலயுமா?"
"இதுலயும்."
அந்த மாதம்தான் அவர் மகளை
நர்சிங் காலேஜில் வெளியே நிற்க வைத்தார்களாம்.

இருபத்துநான்கு மாதம்.
அதற்கு மேல் இந்தத் தீர்ப்புக்கு
இந்தச் சம்பளத்தைத் தொட அனுமதியில்லை.
இருபத்தைந்தாவது மாதம்
கட்டத்தில் சுழியம் அடித்தேன்.
விரல் பழக்கத்தில் ஒன்றைத் தேடியது.

மூன்றாம் நாள்
வக்கீல் குமாஸ்தா எழுதிக்கொடுத்த துண்டுச்சீட்டோடு
மாதம்மாள் வந்தாள்.
"இன்னும் லட்சத்துச் சொச்சம் இருக்குதாமே சாமி,
பிடிக்கறத நிறுத்திப்புட்டியாமே?"
கெடு முடிஞ்சிருச்சும்மா.
"எங் கெடுவா, அவன் கெடுவா?"

பிரிவு எண் நாக்கு நுனி வரை வந்தது.
விழுங்கினேன்.
வாசலில் ஜீப் உறுமி நின்றது.
உள்ளே வந்தவர்
அவளைப் பார்த்தார், சீட்டைப் பார்த்தார்,
சாவியை மேஜையில் வைக்கவில்லை.
"மாரண்டஹள்ளி பஸ்ஸு போயிருச்சு.
ஏறு, விட்டுட்டு வர்றேன்."

அவள் ஏறினாள்,
பின் சீட்டில்.
வழியில் என்ன பேசினார்களோ,
பேசவேயில்லையோ.
அந்தக் கிலோமீட்டர்கள் லாக் புக்கில் இல்லை.
இதற்கு
நான் சாட்சியும் இல்லை.