முழங்கை

ஹெப்பாள் மேம்பாலம் இறங்குமிடத்தில்
அறுபது அடி அகலத்துக்கு அவர் சிரிக்கிறார்.
கையில் வெண்கலம்.
பதக்கத்தின் நாடா வலது ஓரம் வரை போய்
சட்டத்தில் அறுபடும் இடத்தில்
யாருடையதோ ஒரு முழங்கை.

என்னுடையது.

பூஜ்ய ரூபாய் டிக்கெட்டை மடித்தபடி
ஜன்னலில் பார்த்தேன். கண்டக்டரிடம் சொல்லவில்லை.

விமான நிலையத்தில் அன்று
எங்களுக்கு முன்பே மேடை வந்திருந்தது.
கழுத்திலிருந்ததைக் கழற்றச் சொன்னார்கள்,
அவர் மறுபடி போட்டுவிடுவதற்காக.
மூன்று தடவை.
முதல் இரண்டில் அவர் முகத்தில் நிழல் விழுந்துவிட்டது.

மைக்கில் என் ஈட்டி ஏவுகணை ஆயிற்று.
பதினோரு சென்டிமீட்டர் வித்தியாசம்
எதிரியின் மார்பில் இறங்கியதாம்.

இறங்கியது புல்லில்.
அளவெடுக்கிற பெண் குனிந்து
வெள்ளைக் கொடியா சிவப்பா என்று தயங்கிய நேரத்தில்
நான் வேண்டிக்கொண்டது நாட்டுக்காக இல்லை,
ரயில்வேயில் ஒரு பதவி உயர்வுக்கு.

அந்தப் பதினோரு சென்டிமீட்டரில்
நாலாவதாகப் போனவள் மெஹ்னாஸ்.
ஐந்தாவது எறிதலுக்கு முன் என் முழங்கை வீங்கியது.
எங்கள் பிசியோ
வி.ஐ.பி. வரிசையில் யாருடைய மைத்துனரோடோ
படம் எடுத்துக்கொண்டிருந்தார்.
அவள் தன் பையிலிருந்து நீல டேப்பை உருவி
பல்லால் கிழித்தாள்.
அல்சூர் மார்க்கெட்டில் நான் பொறுக்கிய உருது
அவளுக்குச் சிரிப்பாக வந்தது.
ஒட்டி முடித்து, "மடக்கிப் பார்" என்றாள்.
மடக்கினேன்.
எறிந்தேன்.
அவளைத் தாண்டி விழுந்தது.

இரவு விடுதிக்கு ஒரு செய்தி வந்தது:
அந்தப் பெண்ணோடு படம் வேண்டாம்.

ஆனால் ஒன்பது நாள்,
நகரத்தின் அத்தனை பலகைகளிலும்,
கண்டீரவா வாசலில், மேக்ரி சர்க்கிளில்,
விதான சௌதாவுக்கு நேர் எதிரில்,
அவள் பல் பட்ட டேப்
அவர் சிரிப்புக்குப் பக்கத்திலேயே இருந்தது.
ஒருவருக்கும் தெரியாது.
நான் மட்டும் வேண்டுமென்றே
சுற்றுவழி பஸ்ஸில் வேலைக்குப் போனேன்.

பத்தாம் நாள்
வெற்றிக்குக் காயம் அழகில்லை என்று
யாருக்கோ தோன்றியிருக்கிறது.
டேப்பை அழித்துவிட்டார்கள்.
கூடவே என் மச்சமும் போயிற்று.
இப்போது அது ஜவுளிக்கடைப் பொம்மையின் கை.

நிஜக் கை இன்னும் முழுசாக நீளவில்லை.
அறுவைச் சிகிச்சைக்கான கோப்பு
நகர்ந்துகொண்டிருக்கிறதாம்.
நாடாவை இரண்டு முறை துவைத்தேன்,
அவருடைய சென்ட் வாசனை போகவில்லை.
சாயம் போயிற்று.

நேற்று மெஹ்னாஸ் ஒரு படம் அனுப்பினாள்.
அவள் ஊர்ப் பாலம். அங்கேயும் ஒரு பலகை.
அவர்களுடைய அவர், முஷ்டி உயர்த்தி,
பறிக்கப்பட்ட வெற்றியைப் பற்றி ஏதோ கர்ஜிக்கிறார்.
இடது ஓரத்தில்
பாதித் தோள் ஒன்று.

அதைச் சுற்றிச் சிவப்பில் வட்டம் போட்டு
கீழே எழுதியிருந்தாள்:
இது நான்.