வில்லாபுரம், இரவு ஒன்று நாற்பது

டப்பாவின் முதுகில் எறும்பெழுத்தில் இருந்தது:
எண்ணெய்த் துணியைச் சுருட்டி வைக்காதீர்.
வாங்கி மூன்று மாதம் கழித்துத்தான் வாசித்தேன்.

ஆளி விதை எண்ணெய்
காற்றைக் குடித்துக் காய்கிறது,
குடிக்கக் குடிக்கச் சூடாகிறது.
மேசைமேல் பரவிய சூடு யாருக்கும் தெரியாது.
மடிப்புக்குள் மாட்டிய சூட்டுக்குப்
போக இடமில்லை.

அன்றைக்கு எட்டடித் தேக்கு மேசை,
பல் மருத்துவர் ஜெபராணி வீட்டுக்கு.
உப்புத்தாள் தேய்த்துக் கன்னம் வைத்துப் பார்த்தாயிற்று.
டர்பன்டைன் நெடி தலைக்கேறும் என்று
ஷட்டரை முழுக்கத் தூக்கிவிட்டிருந்தோம்.
கொஞ்சமா ஊத்து, என்றேன்.
முபாரக் கொஞ்சமாகத்தான் ஊற்றுவான்,
பிறகு இன்னும் கொஞ்சம்.
மரம் குடிக்கிற மட்டும் குடிக்கட்டும், கால் மணி நேரம்.
மிச்சத்தைத் துடைத்துவிட வேண்டும்,
விட்டால் பலாப்பிசின் மாதிரி
மாசக் கணக்கில் கையைப் பிடிக்கும்.

பனியன் கழிவு தீர்ந்துபோய்
துடைக்க எடுத்தது வீட்டுக்காரரின் கட்டம்போட்ட சட்டை.
கீறிவிடும் என்று முதலில் பொத்தான்களை வெட்டினேன்.
ஆறு.
பாதி துடைக்கையில் கரண்ட் போயிற்று.
மீதியை போன் வெளிச்சத்தில் துடைத்து
ஷட்டரை இறக்கி, பூட்டி,
பசுமலை வந்து, சாப்பிட்டு, படுத்து,
ஒன்றேகாலுக்கு விழித்தேன்.

சட்டை?

“மூலையில, மரத்தூள் சாக்குல போட்டேங்க்கா.”
“விரிச்சா?”
“பந்தா.”

அவரும் எழுந்து வந்து
ஸ்கூட்டியில் பின்னால் உட்கார்ந்தார்.
எங்களுக்குள் பேச்சில்லை, இரண்டு நாளாக.
எதற்கென்று கேட்டால் சொல்லத் தெரியாது,
கேஸ் புக் பண்ணாததில் தொடங்கியது.
பழங்காநத்தம் தாண்டி ஒரு புகை.
நெஞ்சு நின்று போனது.
பரோட்டாக் கல்.

ஷட்டரில் உள்ளங்கையை வைத்தேன்.
இரும்பு குளிர்ந்துதான் கிடந்தது.
திறந்ததும்
முறுக்குச் சட்டி தீய்வதற்குக் கொஞ்சம் முன்பு வருகிற
அந்த வாசனை.
அவர் சாக்கை அப்படியே தெருவுக்கு இழுத்தார்.
கொறட்டால் துணியை எடுத்து
பக்கெட்டில் அமுக்கினேன்.
அடுப்பில் வைத்த பால்போலத் தண்ணீரில்
ஆவி கிளம்பியது.
மரத்தூளில் ஒரு கையகலம் காப்பிப்பொடி நிறம்.
அதன்மேலும் இரண்டு வாளி ஊற்றினோம்.
எதிர்வீட்டு நாய் வந்து முகர்ந்து
தும்மிவிட்டுப் போனது.

டார்ச் அடித்துப் பார்த்தவர்,
“இது என் சட்டைல்ல?”
“ஆமா.”
“நல்ல சட்டையாச்சே.”
இரண்டு நாளில் முதல் பேச்சு.
உவமை ஒன்று வாய்வரை வந்தது.
கையெல்லாம் எண்ணெய், விட்டுவிட்டேன்.

பிழிந்து, ஒரு மடிப்பும் இல்லாமல்
வெளியே கம்பியில் விரித்துப் போட்டோம்,
ஆளுக்கொரு கையைப் பிடித்து.

இப்போது கடையில் மூடி போட்ட தகர டப்பா இருக்கிறது,
பாதி தண்ணீரோடு.
சுவரில் முபாரக் சாக்பீஸால் எழுதியிருக்கிறான்:
பந்து கூடாது.
தெருப் பையன்கள் அதைப் படித்துவிட்டு
வேறு சந்தில் கிரிக்கெட் ஆடுகிறாய்ங்க.

மருத்துவர் வீட்டில் கேட்டார்கள்,
எப்போ சாப்பாடு வைக்கலாம்?
மூன்று கை பூசியிருக்கு,
வாசம் முழுசா போகட்டும்,
ஒரு மாசம் ஆகட்டும் என்றேன்.

சட்டை அப்பளமாக விறைத்துக்
கம்பியிலேயே நிற்கிறது.
கை இரண்டையும் விரித்தபடி.