அறுபத்தொரு படி

என் படத்தில் நான் எடுக்காத ஷாட் ஒன்று இருக்கிறது.

குன்னூர் மவுண்ட் ரோட்டிலிருந்து வீட்டுக்கு
அறுபத்தொரு படி.
சக்கர நாற்காலி கீழே மளிகைக்கடையில்
உருளைக்கிழங்கு மூட்டைகளோடு தூங்கும்.
லோடுமேன் மரியசெல்வம் முதுகில்
நான் மேலே போவேன்.

அன்று கேமராவை அணைக்க மறந்துவிட்டேன்.
அவன் தோளுக்கும் என் தாடைக்கும் நடுவில் சிக்கி
அது பாட்டுக்குப் பார்த்துக்கொண்டிருந்தது:
அவன் காது. காதில் செருகிய பீடி.
சரிந்து சரிந்து இறங்கும் தகரக் கூரைகள்.
கொஞ்சம் வானம். மறுபடி காது.
யாருடையதோ போலத் தொங்கும் என் செருப்பு.

நாற்பதாவது படியில் அருவங்காட்டுச் சங்கு.
அதற்கு மேல் மூச்சு மட்டும்.
பிறகு அவன்: "கவுன்சிலர் வூட்டுக்கு மட்டும் ரோடு போட்டானுங்க."
இன்னும் இரண்டு படி ஏறி:
"கனத்துட்டடா. பிரியாணியக் கொற."
நான் சிரிக்கிறேன், அவனும்.
ஒரே விலாவிலிருந்து வருவதுபோல்
படம் குலுங்குகிறது.

கோவையில் எடிட்டர் ஹேமலதா
ஒரு பட்டனில் குலுக்கலை நிறுத்தினாள்.
இன்னொன்றில் வயலின் வைத்தாள்.
யாரும் யாரையும் தூக்காததுபோல்
வழுக்கிக்கொண்டு ஏறியது வீடு.

"எடுத்துடு."
"எதை?"
"ரெண்டையும்."

திரையிட்டது நூலக மாடியில்.
ஆமாம், மாடியில்.
என்னை இறக்கிவிட்டு, வேர்வையைத் துடைத்துக்கொண்டு
பக்கத்தில் உட்கார்ந்தான் மரியசெல்வம்.
அந்த இடம் வந்தபோது
இருட்டில் அவன் உதடு அசைந்தது.

விளக்கு போட்டதும் கேட்டான்:
"அம்பத்தெட்டுதான் வந்துச்சு.
மூணு படி எங்கடா?"