பதினாறு

தென்மலைக்கு அப்பால் மண் சரிந்தபோது
இரவு ஒன்று நாற்பது.
புனலூருக்குப் போகும் கண்ணாடி இழை அறுந்தது.
புளியறையில் நானும் ஒரு பழைய ரூட்டரும்.

வரைபடம் எதுவும் இல்லை அதனிடம்.
பக்கத்துப் பெட்டி சொல்வதுதான் உலகம்:
தென்மலையைப் பிடி, புனலூர் இரண்டே தாவல்.

தன் கம்பியில் புனலூரைக் காணாத தென்மலை
எங்கள் பக்கம் காது வைத்தது.
எங்கள் பெட்டி ஒளிக்காமல் சொன்னது: இரண்டு.
யார் வழியாக என்று சொல்லவில்லை, யாரும் கேட்கவுமில்லை.
அப்படியென்றால் எனக்கு மூன்று, என்றது தென்மலை.
அப்படியென்றால் எனக்கு நான்கு.
முப்பது நொடிக்கொரு தரம்
வதந்தி ஒரு படி ஏறியது.

நடுவில் பாக்கெட்டுகள்,
இரண்டு செக்போஸ்ட்டும் திருப்பியனுப்பும் லாரிகளாக.
நெற்றியில் எழுதிய அறுபத்து நான்கு
கைமாறக் கைமாற ஒவ்வொன்றாய்க் குறைந்து
சுழியமானதும் செத்தன.
அனுப்பியவருக்கு ஒரு வரித் தகவல் போனது, துட்டிச் செய்தி மாதிரி.

ஷீஜாவுக்கு போன் போட்டேன்.
"எந்தா எசக்கி, நிங்ஙள்டெ சைடில் வழி உண்டல்லோ?"
"எங்களுக்கே உங்க வழியாத்தான்."
கொஞ்ச நேரம் இரண்டு பேரும்
அவரவர் மழையைக் கேட்டோம்.

கல்யாண வீட்டில் பதினாறு என்றால் பெருவாழ்வு.
இந்த நெறிமுறையில் பதினாறு என்றால்
எட்டவே எட்டாது.
அதுவரை எண்ணிவிட்டுத்தான்
பெட்டிகள் ஒப்புக்கொண்டன.

விடியுமுன் ஒரு வரி சேர்த்தேன்:
சொன்னவரிடமே
சொன்னதைத் திருப்பிச் சொல்லாதே.

புனலூர் இன்னும் இல்லை.
இல்லை என்று தெரிகிறது.