மூவா

பத்தாங் பெர்ஜுந்தைக்குப் பெயர் மாற்றி
வருஷம் பல ஆச்சு.
லோரிக்காரர்கள் யாரும் புதுப்பெயரைச் சொல்வதில்லை.
என் ரசீதில் மட்டும் அது அச்சாகிறது.

செம்பனை ஆலைக்குச் சுழலி பூட்ட வந்தவன்
கேஸா.
ஸ்லோவேனியா என்றான்.
"சிலோனா?" என்றார் சன்னாசி அண்ணன்.
அன்று முதல் அவன் சிலோன் கேஸ்காரன்.

அவனுக்குத் தொலைபேசியில் இரண்டு வாய்.
கம்பெனிக்குப் பேசுவது இஸ்திரி போட்டது.
இரவு ஷிஃப்டில், கொதிகலன் பின்னால்,
அக்காவோடு பேசுவது வேறு.
மூரா ஆற்றுக்கு அப்பால் மட்டும் வழங்குகிற பேச்சு;
தலைநகரத்துக்காரர்களுக்கே பாதி புரியாதாம்.
எனக்குத் தெரியும் அது.
தராசு மென்பொருளுக்காகச் சென்னையிலிருந்து அழைத்தவரிடம்
"பசியாறிட்டீங்களா" என்று கேட்டு
"எனக்குப் பசியே இல்லையே மேடம்" என்று வாங்கியவள் நான்.

அதில் ஓர் ஒலி,
உதடு உ என்று குவியும், நாக்கு இ என்று நிற்கும்.
எழுத எனக்கு எழுத்தில்லை.
அந்த ஒலியை வைத்து ஒரு சொல்:
நாங்கள் இருவர்.
மூன்றாம் ஆள் வந்து உட்கார்ந்தால் செல்லாது.
எனக்கு அது "மூவா" என்றே விழுந்தது.
மூவர் என்றது ஒரு காது.
மூப்பில்லாதது என்றது
தமிழ்ப்பள்ளியில் படித்த காது.

உங்களிடம்? என்றான், உடைந்த மலாயில்.
நாம, நாங்க.
ஒன்றில் நீ உண்டு, ஒன்றில் நீ இல்லை.
யோசித்தான்.
நாங்கள் நாற்காலியை எண்ணுகிறோம்,
நீங்கள் கதவைப் பார்க்கிறீர்கள் என்றான்.

லோரி ஏறியது.
முழு எடை இருபத்தொரு டன், காலி எடை பத்து,
கழித்தால் பழம்.

அப்போதுதான் ஜொகூரிலிருந்து அவர் அழைத்தார்.
"நாங்க நல்லாத்தான் இருக்கோம்" என்றேன்.
நானும் மகளும்.
எட்டு மாதமாக இதே பதில்.
கேஸாவின் சொல்லும் அங்கே கச்சிதமாகப் பொருந்தும்,
இரண்டே பேர்.
என் கதவு எந்தப் பக்கம் சாத்தியிருக்கிறது என்று
அன்றைக்குத்தான் பார்த்தேன்.
அவரும் கேட்டிருப்பாரோ.
அவர் கேட்டது மின்சார பில்லை.

சுழலி ஓடுகிறது. கேஸா போய் மூன்று வாரம்.
ரசீதுக் கட்டின் பின்னட்டையில் அவன் எழுதிய சொல்,
நடு எழுத்தின் தலையில் இரண்டு புள்ளி.
மகள் அதைத் தொட்டுப் பார்த்து
"யாரும்மா இவங்க ரெண்டு பேரு?" என்கிறாள்.

சன்னாசி அண்ணன் ஹார்ன் அடிக்கிறார்.