குறி

பதினொரு நாள் திறந்தே கிடந்தது.

டிசம்பரில் திரொண்ட்ஹெய்மில்
பத்து மணிக்கு விடியும்,
இரண்டரைக்கு இருட்டிவிடும்.
அந்த நாலரை மணி நேரப் பகலையும்
திரைக்கு முன்னால் தொலைத்தேன்.
ஜன்னலுக்கு வெளியே பனி வழிப்பவர்கள்
யாரையோ திட்டிக்கொண்டிருந்தார்கள்.

மொண்டேவிடியோவில்
வாஷிங்டன் எச்செவெரிக்கு வியர்த்தது.
(அவன் ஊரில் அது பழங்காலத்துப் பெயர்,
அமெரிக்காவுக்கும் அவனுக்கும்
ஒட்டும் இல்லை உறவும் இல்லை.)
நேரில் பார்த்ததில்லை நாங்கள்.
தொண்டைக்கு இந்தப் பக்கம் என் கணக்கு,
அந்தப் பக்கம் அவனுடையது,
நடுவில் கடலடியில் கிடக்கும்
கண்ணாடி நூல்.

புழுத்துளை என்று பெயர் வைத்தவர்கள்
பழத்தை நினைத்திருக்க வேண்டும்.
தோல்மேல் ஊர்ந்தால் அரைச் சுற்று,
சதையைக் குடைந்தால் குறுக்குவழி.
வெளியை அப்படி வளைத்துத் தைக்கலாம்,
சார்பியல் சமன்பாடு தடுக்கவில்லை.
தைத்த இடம்தான் நிற்காது.
திறந்த வேகத்தில் இறுகும்.
ஒளி,
அதைவிட விரைந்தோட யாருமில்லாத ஒளி,
இந்த வாசலில் கால் வைத்து
அந்த வாசலைப் பார்ப்பதற்குள்
வாசலும் இல்லை வழியும் இல்லை.

இறுகாமல் நிறுத்த
வெறுமையைவிடக் குறைவான ஒன்று வேண்டும்.
காலிப் பாத்திரத்தில்
இன்னுமொரு கரண்டி அள்ளிய பின்
மிஞ்சுவது.
இரண்டு உலோகத் தகடுகளை
மயிரிழையை ஆயிரமாய்க் கிழித்த இடைவெளியில் நிறுத்தினால்
நடுவே அதில் ஒரு துளி அகப்படும்.
ஆள் குனிந்து நுழைய
வியாழன் கோளின் எடையளவு வேண்டும்.
கடன் கொடுப்பார் யாருமில்லை.

எங்கள் நிரலோ
வேண்டாம் என்றது.
சாதாரணத் தூசி போதும்,
அலமாரிமேல் படிவதே போதும் என்றது.
ஆற்றல்: கூட்டல்.
மறுபடி ஓட்டினேன். கூட்டல்.
அவன் ஓட்டினான். கூட்டல்.

நான்காம் நாள்
பரிமாறிக்கொள்ளத் தொடங்கினோம்.
அவன் ஒரு தர்பூசணி அனுப்புவதாகச் சொன்னான்.
நான் ஒற்றைக் கையுறை,
இன்னொன்று பேருந்தில் போனது.
சூட்டை இங்கே தள்ளு, இருட்டை எடுத்துக்கொள்.
முப்பத்தொன்பது வயதில்
இப்படிச் சிரித்ததில்லை.

எட்டாம் இரவு கேட்டான்:
ஒரு வாயை மட்டும் தூக்கிக்கொண்டு
ஒளியின் வேகத்தை ஒட்டிப் போய்த் திரும்பினால்
அதன் கடிகாரம் பின்தங்கியிருக்கும்.
பிறகு நுழைகிறவர்
நேற்றில் வெளியே வரலாம்.
உனக்கு எந்த நாள் வேண்டும், ஒட்னி?

ஒரு தேதியைத் தட்டினேன்.
அழித்தேன்.
தட்டுவதும் நிற்பதும்
அவன் திரையில் புள்ளிகளாகத் தெரிந்திருக்கும்.
அவன் மேலே கேட்கவில்லை.

நான் படித்த இடத்தில்
காலத்துக்குக் கழித்தல், இடத்துக்குக் கூட்டல்.
அவன் படித்த இடத்தில் தலைகீழ்.
இரண்டும் சரி.
ஆயுள் முழுக்க அவரவர் வழக்கில் கணக்குப் போடலாம்,
ஒரு பிசகும் வராது.
பாதியும் பாதியும் சேர்ந்த நானூற்றுப் பன்னிரண்டாம் வரியில்
என் கழித்தல் அவன் கூட்டலுக்குள் போய்
இல்லாத வரவாக நின்றது.
குறி தப்பிய இடத்தில்
அண்டம் திறந்திருந்தது.

பதினொரு நாள் என்றேன்.
ஒன்பதாம் நாளே எனக்குத் தெரியும்.
அந்த வரியில் கர்சரை நிறுத்தி
தேநீர் போடப் போனேன்.
திரும்பி வந்து
வேறு கோப்பைத் திறந்தேன்.
அன்றும் மறுநாளும் அவனுடன்
தர்பூசணி விதைகளைப் பற்றிப் பேசினேன்.

பன்னிரண்டாம் நாள் காலை எழுதினேன்:
வரி 412. குறி தவறு. மன்னித்துக்கொள்.

கழித்தலைத் திருத்தினேன்.
தொண்டை இறுக எடுத்த நேரம்
நிரலின் கணக்கில் ஏழு படிகள்.

அவன் பதில் வந்தது.
ஆமாம். ஏழாம் நாள் பார்த்தேன்.

எட்டாம் இரவின் கேள்விக்குத் திரும்பிப் போய்
அதை மறுபடி படித்தேன்,
மெதுவாக,
எந்த நாள் வேண்டும் என்பதை.